கேட்டைக்கு உங்கள் மூத்த மகனைத் தெரியாது

அக்காவோட குறிப்பைத் தரகர் திருப்பிக் கொண்டுவந்து கொடுத்தப்போ, அம்மா மலையிலிருந்து அப்பத்தான் இறங்கி வந்திருந்தாங்க. கூடைக்கயிறு நெற்றியில் அழுத்தின தடம்கூட மறையல. தரகர் தேத்தண்ணி குடிச்சார், மழை பத்திப் பேசினார், கடைசியா வாசல்ல செருப்பு மாட்டும்போதுதான் சொன்னார்: "புள்ள கேட்டையாம்மா. அந்த வீட்டுல மூத்த பையன் ஒருத்தர் கட்டார்ல இருக்காரு. அவங்க பயப்படுறாங்க."

அவ்வளவுதான். பத்துப் பொருத்தத்துல எட்டு இருந்ததா அதே தரகர்தான் முதல் நாள் சொல்லியிருந்தார். அக்கா க.பொ.த. உயர்தரம் முடிச்சவ, சின்னப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கிறவ. அது எதுவும் கணக்கில் வரல. அவ பிறந்த அன்னைக்குச் சந்திரன் வானத்தில் எந்தத் துண்டில் நின்னுச்சோ, அந்தத் துண்டு கட்டாரில் கூலி வேலை செய்யுற ஒரு மனுசனைக் கொன்னுபோடுமாம்.

இது எங்கள் வீட்டில் மட்டும் நடந்திருந்தால் இங்கே எழுத வந்திருக்க மாட்டேன். பசறை, லுணுகலை, மடுல்சீமை, ஹாலிஎல என்று எந்தத் தோட்டத்துக்குப் போனாலும் ஆயில்யம் மாமியாருக்கு ஆகாது, மூலம் மாமனாருக்கு ஆகாது, கேட்டை மூத்தாருக்கு ஆகாது என்று ஒப்புவிக்க ஒரு ஆள் இருப்பார். ஆனால் அந்தக் கேட்டையைக் காட்டு என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. நான் சண்டை போட வந்தது இந்த இடத்தில்தான். ஒரு பெண்ணின் வாழ்க்கையைத் தள்ளிவைக்க ஒரு விண்மீனைச் சாட்சிக்குக் கூப்பிடுகிறீர்கள். சரி, அந்தச் சாட்சியை ஒருமுறையாவது பார்த்திருக்கிறீர்களா?

பார்ப்பது ஒன்றும் கஷ்டமில்லை. ஹட்டன், நுவரெலியா பக்கம் தென்மேற்குப் பருவமழையில் ஊறிக் கிடக்கிற மாதங்களில், மலைக்கு இந்தப் பக்கம் ஊவா காய்ந்து கிடக்கும். ஜூலையிலிருந்து செப்டம்பர் வரைக்கும் அடிக்கிற அந்த வறண்ட காற்றுதான் ஊவாத் தேயிலைக்கு உலகச் சந்தையில் பேர் வாங்கிக் கொடுக்கிற வாசனையைத் தருது. அதே காற்று வானத்தையும் துடைச்சு வைக்குது. ஜூலை நடுவில், இரவு ஒன்பது மணிக்குத் தெற்கே திரும்பி நில்லுங்கள். அடிவானத்துக்கும் உச்சிக்கும் பாதி தூரத்தைத் தாண்டிச் சற்று மேலே, தேளின் கொடுக்கு மாதிரி வளைந்த விண்மீன் கூட்டத்தின் நெஞ்சில், செம்மஞ்சளாக ஒன்று மினுங்கும். முன்னிரவில் நமுனுகுல மலைப் பக்கமிருந்து ஏறி வந்தது அதுதான். தொலைநோக்கி வேண்டாம், கண் போதும். நாட்டின் பெரிய தொலைநோக்கி, 45 சென்டிமீட்டர் ஆடி உள்ளது, மொரட்டுவைப் பக்கம் கட்டுபெத்தையில் ஆர்தர் சி. கிளார்க் நிறுவனத்தில் இருக்கு. கேட்டையைப் பார்க்க நீங்கள் அவ்வளவு தூரம் பஸ் ஏற வேண்டாம். லயத்து வாசல் லைட்டை அணைச்சால் சரி.

மேற்கில் அதற்கு அன்டாரிஸ் என்று பேர். கிரேக்கத்தில் ஏரஸ் என்றால் செவ்வாய். செவ்வாய்க்குப் போட்டி என்று பொருள். செவ்வாய்க் கிரகம் அதன் பக்கத்தால் போகும்போது எது எது என்று குழம்புகிற அளவுக்கு நிறம் ஒத்திருக்கும். ஆக, செவ்வாய் தோஷம் ஒரு பக்கம், கேட்டை தோஷம் இன்னொரு பக்கம். வானத்தில் சிவப்பாக எது தெரிந்தாலும் பழி நம்ம வீட்டுப் பெண்பிள்ளை மேலதான்.

சிவப்பு என்றால் உக்கிரம் என்று ஒரு சாத்திரி எங்கள் பெரியப்பாவிடம் சொன்னாராம். அந்தச் சாத்திரியை ஒருநாள் கவ்வாத்துக் கத்தி அடிக்கிற பட்டறைக்குக் கூட்டிப்போகணும். இரும்பு சூடேறும்போது முதலில் சிவக்கும், பிறகு மஞ்சளாகும், அதற்கும் மேலே போனால்தான் வெள்ளை. சிவப்பு குறைஞ்ச சூடு. கேட்டையின் மேற்பரப்பு ஏறக்குறைய 3,600 கெல்வின். நம்ம சூரியன் கிட்டத்தட்ட 5,800. உக்கிரம் வேண்டுமென்றால் தினமும் தலைக்கு மேலே நிற்கிற சூரியனுக்குத்தான் பரிகாரம் செய்யணும்.

சூடு குறைவு என்றாலும் ஆள் பெருசு. சூரியனைப்போல் சுமார் 700 மடங்கு ஆரம். சூரியன் இருக்கிற இடத்தில் கேட்டையை வைத்தால் புதன், வெள்ளி, பூமி, செவ்வாய் நாலும் அதன் வயிற்றுக்குள் போயிரும். நிறை மட்டும் அவ்வளவு இல்லை, சூரியனைப்போல் 10 முதல் 15 மடங்குக்குள். அவ்வளவு பெரிய உடம்பில் இவ்வளவு கொஞ்சப் பொருள் என்றால், சராசரியாகப் பார்த்தால் நாம் மூச்சு விடுகிற காற்றைவிடப் பல ஆயிரம் மடங்கு ஐதான ஒரு பொருள்.

ஏன் இப்படி ஊதிப்போச்சு? ஒரு விண்மீன் தன் வாழ்வின் பெரும்பகுதியை நடுப்பகுதியில் ஐதரசனை ஹீலியமாக மாற்றிக்கொண்டே கழிக்கும். நடுவில் ஐதரசன் தீர்ந்ததும் உள்ளே சுருங்கும், சூடேறும். வெளிப்பகுதி விரியும், விரிய விரிய ஆறிச் சிவக்கும். கேட்டை அந்தக் கட்டத்தில் இருக்கிறது. வாழ்க்கையின் கடைசிப் பாகம். இன்னும் ஒரு பத்து இலட்சம் ஆண்டளவில் அது வெடிக்கும், அன்றைக்கு இருக்கிறவர்கள் பகலிலும் பார்ப்பார்கள்.

கடைசிப் பாகம் என்றால் கிழடு என்று நினைப்போம். எனக்குச் சிரிப்பு வந்ததும் அங்கேதான். கேட்டை என்ற சொல் வடமொழி ஜ்யேஷ்டாவிலிருந்து வந்தது. மூத்தவள் என்று பொருள். சூரியனுக்கு வயது 460 கோடி ஆண்டு. இந்த மூத்தவளுக்கு? ஒன்றரைக் கோடி வரலாம், அதற்குக் குறைவாகவும் இருக்கலாம். சூரியனைவிட முந்நூறு மடங்கு இளையவள். பெரிய அடுப்பு விறகைச் சீக்கிரம் தின்னும். நிறை கூடின விண்மீன் சூரியனைவிடப் பல்லாயிரம் மடங்கு வேகமாக எரிக்கும், அதனால் இளம் வயசிலேயே முடிவுக்கு வந்துவிடும். பேர் வைத்தவர்களுக்கு இது தெரியாது, தெரிந்திருக்கவும் வழியில்லை. அதற்காக அவர்களைத் திட்டவில்லை. அந்தப் பேரை வைத்து இன்றைக்கும் சட்டம் போடுகிறவர்களைத்தான் கேட்கிறேன்.

ஏனென்றால் அந்தச் சட்டம் முழுக்க முழுக்கப் பேரிலிருந்துதான் பிறந்திருக்கு. ஜ்யேஷ்டா என்றால் மூத்தவள். ஆகவே மூத்தவனுக்கு ஆகாது. மூலம் என்றால் வேர்; ஆகவே நிர்மூலம். இதில் வானத்தைப் பார்த்து எழுதின வரி எங்கே இருக்கு? சொல் விளையாட்டு. தமிழில் இன்னும் மோசம்: கேடு என்ற சொல்லோடு ஐ சேர்த்தால் கேட்டை. காதுக்கே கேடு என்று விழுது. அஸ்வினி மாதிரி அழகான பேர் வைத்திருந்தால் எத்தனை பெண்கள் தப்பித்திருப்பார்கள் என்று நினைச்சுப் பாருங்கள். அதே ஜ்யேஷ்டா, தமிழில் சேட்டை என்றும் மூதேவி என்றும் தெய்வமாக இருந்தவள். பல்லவர், பாண்டியர் காலத்தில் அவளுக்குச் சிலை வடித்துக் கும்பிட்டார்கள்; காஞ்சி கைலாசநாதர் கோயிலில் இன்றும் இருக்கிறாள். இன்றைக்கு மூதேவி என்பது வேலை தாமதமானால் பெண்களைத் திட்டுகிற வார்த்தை. தெய்வத்துக்கே இந்தக் கதி என்றால் எங்க அக்கா எம்மாத்திரம்.

சரி, சாத்திரத்தின் கணக்குக்கே வருவோம். கேட்டையில் பிறந்தவள் என்றால் அந்த விண்மீன் அவளுக்கு ஏதும் செய்தது என்று அர்த்தமில்லை. சந்திரன் ஓடுகிற பாதையை 27 சம துண்டாக வெட்டி, 18ஆவது துண்டில் சந்திரன் நின்ற நேரம் அவள் பிறந்தாள், அவ்வளவே. ஒரு துண்டு 13 பாகை 20 கலை; சந்திரன் அதைக் கடக்க ஏறத்தாழ ஒரு நாள் எடுக்கும். இப்போது கேளுங்கள். திருக்கணிதக்காரர்கள் பெரும்பாலும் பயன்படுத்துகிற லகிரி அயனாம்சப்படி கணக்குப் போட்டால், வானத்தில் செக்கச் சிவந்து நிற்கிற அந்த விண்மீன் கேட்டைத் துண்டுக்குள்ளேயே இல்லை. ஒரு பாகைக்கும் குறைவான வித்தியாசத்தில் முன்துண்டான அனுஷத்துக்குள் விழுகிறது. அதாவது, சந்திரன் நிஜமாகவே கேட்டை விண்மீனை ஒட்டிக்கொண்டு போகிற நேரத்தில் ஒரு பெண் பிறந்தால், பஞ்சாங்கம் அவளை அனுஷம் என்று எழுதும். அனுஷத்துக்கு மூத்தார் தோஷம் கிடையாது. வாக்கியப் பஞ்சாங்கம் வேறு கணக்கு. நட்சத்திரம் தொடங்குகிற நேரமும் முடிகிற நேரமும் இரண்டிலும் ஒத்துவராது. எல்லையில் பிறந்த பிள்ளை ஒரு பஞ்சாங்கத்தில் கேட்டை, இன்னொன்றில் மூலம். எந்தப் பஞ்சாங்கக் கடையில் வாங்கினோம் என்பதைப் பொறுத்து மூத்தார் சாவாரா, மாமனார் சாவாரா என்று தீர்மானமாகுது!

27இல் ஒன்று என்றால் உலகத்தில் 800 கோடிப் பேரில் ஏறக்குறைய 30 கோடிப் பேர் கேட்டை. அதில் பாதி பெண்கள். 15 கோடிப் பெண்கள் ஆளுக்கொரு மூத்தாரைச் சாகடித்திருந்தால் இந்நேரம் உலகத்தில் மூத்த ஆம்பளை என்று ஒரு இனமே இருந்திருக்காது. எங்கள் லயத்துக்கு மேல் லயத்தில் நாலு வேதக்கார வீடு இருக்கு. அவங்க நட்சத்திரம் பார்க்கிறதே இல்லை. அவங்க வீட்டு மூத்த மகன்களும் நம்ம வீட்டு மூத்த மகன்களும் ஒரே மாதிரிதான் சாகிறார்கள்: நீரிழிவு, சாராயம், பஸ் விபத்து.

மண்சரிவையும் விட்டுவிடக்கூடாது. 2014 அக்டோபர் 29, கொஸ்லந்தை மீரியபெத்தை. காலையில் மலை இறங்கி லயங்களை மூடிச்சு. அந்த இடம் ஆபத்து என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் பல ஆண்டுகளுக்கு முன்பே எச்சரித்திருந்தது. மண்ணைப் பார்த்துச் சொன்ன அந்த முன்னறிவிப்பை நம்பி யாரும் வீடு கட்டிக் கொடுக்கவில்லை. வானத்தைப் பார்க்காமலே சொல்கிற முன்னறிவிப்பை நம்பி ஊர்முழுக்கக் கல்யாணம் நிற்குது. புதையுண்டவர்களின் குறிப்புகளில் எல்லா நட்சத்திரமும் இருந்திருக்கும்.

"முன்னோர்கள் என்ன முட்டாள்களா?" என்று பின்னூட்டம் வரும், தெரியும். முட்டாள்கள் இல்லை. நிலவு ஒவ்வொரு இரவும் எங்கே நிற்குது என்று தலைமுறை தலைமுறையாகப் பார்த்து, அந்தப் பாதையை அடையாளம் வைத்தவர்கள் பெரிய உழைப்பாளிகள். ரோகிணி, திருவாதிரை, சுவாதி, கேட்டை நாலையும் பாருங்கள். நாலும் செம்மஞ்சள், நாலும் நடு ஐதரசனை முடித்து வீங்கின விண்மீன்கள். சுவாதி 37 ஒளியாண்டில், ரோகிணி 65 ஒளியாண்டில், திருவாதிரையும் கேட்டையும் வெகு தூரத்தில் இன்னும் பெரிய அரக்கர்களாக. 2019 கடைசியில் திருவாதிரை திடீரென்று மங்கினப்போ, அது வெடிக்கப் போகுது, உலகம் அழியுது என்று வாட்ஸ்அப்பில் அனுப்பினவர்களில் நம்ம வயசுக்காரங்களும் உண்டு. அது கக்கின வாயு ஆறித் தூசாகி மறைத்தது என்று பிறகு தெரிந்தது, அதை யாரும் அனுப்பவில்லை. ஒரே சாதி விண்மீன் நாலு. அதில் ரோகிணிப் பெண் என்றால் முகம் மலருது, திருவாதிரைக்குக் களி கிண்டுறோம், கேட்டைப் பெண் என்றால் தரகர் செருப்பு மாட்டுறார். நியூசிலாந்தின் மாவோரி மக்கள் இதே கேட்டையை ரெஹுவா என்று அழைத்துக் கோடைக்கு உரிய விண்மீனாகக் கொண்டாடுகிறார்கள். பார்த்தவர்கள் கெட்டிக்காரர்கள். பார்க்காமல் ஒப்புவிக்கிறவர்களைத்தான் முன்னோர் கணக்கில் சேர்க்க முடியாது என்கிறேன்.

உண்மையாகவே பார்த்தால் என்ன கிடைக்கும் என்பதற்கு ஒரு கதை. 1819 ஏப்ரல் 13, வியன்னா. அன்றைக்குச் சந்திரன் கேட்டையை நேராக மறைத்தது. யோகான் பர்க் என்ற வானியலாளர் அது திரும்ப வெளிவருவதற்காகக் காத்திருந்தார். வெளிவந்தது முதலில் கேட்டை இல்லை. மங்கலான ஒரு சின்ன விண்மீன். அது வந்து சில விநாடி கழித்துத்தான் கேட்டை பளிச்சென்று வந்தது. அப்படித்தான் கேட்டைக்கு ஒரு துணை இருப்பது தெரிஞ்சது, நீலவெள்ளையாக, கேட்டையின் ஒளியில் அமுங்கிக் கிடந்த துணை. இரண்டும் ஒன்றையொன்று சுற்றிவர ஆயிரம் ஆண்டுக்கு மேல் ஆகும். சந்திரன் கேட்டையில் நின்ற ஒரு நாளில் ஒரு மனுசனுக்குப் புதிதாக ஒரு விண்மீன் கிடைத்தது. 2017இல் சிலி நாட்டுப் பரனால் மலையிலிருந்து கேட்டையின் மேற்பரப்பையே படமாக்கினார்கள். சூரியனைத் தவிர வேறு எந்த விண்மீனுக்கும் அதுவரை அவ்வளவு தெளிவான படம் கிடைத்ததில்லை. அதன் வளிமண்டலத்தில் வாயு ஏன் அவ்வளவு உயரத்துக்குக் கொந்தளிக்குது என்று அவர்களுக்கே விளங்கவில்லை. பயப்படுவதற்கு இல்லை, யோசிப்பதற்கு ஏராளம் இருக்கு.

தூரத்தையும் சொல்லிவிடுகிறேன். சுமார் 550 ஒளியாண்டு. இன்றிரவு கண்ணில் விழுகிற வெளிச்சம் போர்த்துக்கேயர் 1505இல் இலங்கைக்கு வருவதற்கு முன்பே புறப்பட்டது. அது கிளம்பும்போது இந்த மலைகளில் கோப்பியும் இல்லை, தேயிலையும் இல்லை, எங்கள் பாட்டன் பூட்டனைக் கப்பலேற்றிக் கொண்டுவந்தவனும் பிறக்கவில்லை. வந்து சேர்ந்த பிறகு எவ்வளவு வெளிச்சம் தெரியுமா? ஒரு கிலோமீட்டர் தள்ளி, எதிர்மலை லயத்து வாசலில் எரிகிற ஒரு மெழுகுதிரியின் அளவு, ஏறக்குறைய. அது கட்டாரில் இருக்கிற மூத்த மகனைத் தேடிப் பிடிச்சு அடிக்குமாம்.

இதையெல்லாம் அவர்களிடம் சொன்னால் கல்யாணம் நடந்திருக்குமா? நடந்திருக்காது. இதை நான் மறைக்கவில்லை. ஏனென்றால் கேட்டை ஒரு மரியாதையான பொய். லயத்து வீடு வேண்டாம், கொழுந்து எடுக்கிற அம்மா வேண்டாம், நகை போதாது, சாதி ஒரு படி குறைவு என்று முகத்துக்கு நேரே சொல்ல நம்ம ஆட்களுக்கு வாய் வராது. நட்சத்திரம் என்று சொன்னால் யாருக்கும் கோபம் வராது. தேத்தண்ணி குடிச்சிட்டுப் போகலாம். மூணு மாசம் கழிச்சு அந்தப் பையனுக்குக் கல்யாணம் ஆச்சு. பொண்ணுக்கு என்ன நட்சத்திரம் என்று தரகரைக் கேட்டேன். "பொண்ணோட அப்பாவுக்கு டவுன்ல கடை இருக்கு தங்கச்சி" என்றார்.

நம்பிக்கைதானே, யாருக்கு என்ன நட்டம் என்று கேட்கிற தோழர்களுக்கு நட்டம் யாருக்கு என்று இப்போது விளங்கியிருக்கும். பொய்யைச் சொன்னவன் கௌரவமாகப் போகிறான். பொய் தன் உடம்பில் ஒட்டிக்கொண்டதாக நம்புகிறவள் அக்கா. ஒருநாள் ராத்திரி அவள் என்னிடம் கேட்டாள்: "நான் நிஜமாவே யாருக்காவது ஆகாதவளா இருப்பேனா?" உயர்தரம் படித்தவள் கேட்டாள். அதற்குப் பிறகுதான் எனக்குக் கோபமே வந்தது.

இன்னொன்றும் சொல்லணும். 1948இன் பிரஜாவுரிமைச் சட்டம் எங்கள் பாட்டியிடம் பிறப்பு அத்தாட்சி எங்கே என்று கேட்டது. இல்லை. 1964இல் இரண்டு நாட்டுப் பிரதமர்கள் உட்கார்ந்து எங்களை எண்ணிப் பிரித்தபோதும் கடதாசி இல்லை. இந்தியாவா இலங்கையா என்று தெரியாமல் எத்தனையோ பேர் செத்தே போனார்கள். பிறந்த தேதியே சரியாகத் தெரியாதவள், காலைப் பெரட்டுக்குத் தப்பு அடிச்ச நேரம் பிறந்தவள் என்று மட்டும் சொல்லப்பட்டவள் பாட்டி. ஆனால் அவளுக்கும் ஒரு நட்சத்திரத்தை எழுதிக் கொடுத்திருக்கிறார்கள், பாதம் வரைக்கும் பிசகாமல். நாடு எங்களை எண்ணத் தெரியாமல் இருந்த காலத்திலும் ஒதுக்கிவைக்க மட்டும் நமக்குள்ளேயே கணக்குப்பிள்ளைகள் இருந்திருக்கிறார்கள்.

ஊவாவில் உயர்தரக் கணித, விஞ்ஞானப் பிரிவு உள்ள தமிழ்ப் பாடசாலைகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். அதற்காகப் போராடுகிற நம்ம இளைஞர் மன்றங்களே கோயில் திருவிழா நோட்டீசில் பரிகார பூசை விளம்பரம் போடுறாங்க. நான் கேட்பது சின்ன விஷயம். அடுத்த ஜூலையில் உங்கள் தோட்டத்து மைதானத்தில் ஒரு ராத்திரி லைட்டை அணைத்து, பிள்ளைகளையும் பெரியவங்களையும் கூட்டி, தெற்கே கையை நீட்டிக் காட்டுங்கள். சாத்திரியையும் கூப்பிடுங்கள். குறிப்புக் கேட்டு வருகிற தரகரிடம், எந்தப் பஞ்சாங்கம், எந்த அயனாம்சம் என்று கேளுங்கள். பதில் வராது. வராதபோது பெண்ணின் அப்பா அம்மா முகத்தைப் பாருங்கள், அவங்களுக்கு அன்றைக்குத்தான் முதுகு நிமிரும்.

நாங்கள் போன வருசம் செய்தோம். மின்சாரம் போயிருந்த ராத்திரி, யாரும் லைட்டை அணைக்கக்கூட வேண்டியிருக்கல. பாட்டி கம்பளியைப் போர்த்திக்கொண்டு வாசலில் ரொம்ப நேரம் நின்னாங்க. "இத்தனூண்டா?" என்றுதான் முதலில் கேட்டாங்க. சூரியனைப்போல் எழுநூறு மடங்கு என்று சொன்னேன், நம்பல.

இந்த மாசம் இன்னொரு தரகர் வந்தார். புள்ளைக்கு என்ன நட்சத்திரம் என்று அம்மாவைத்தான் கேட்டார். அக்கா உள்ளேயிருந்து வந்து அவளே பதில் சொன்னாள்: "கேட்டை. இருட்டுறவரைக்கும் உக்காருங்கண்ணே, காட்டுறேன்."